பேய்க்குரலில் ஒரு வேதாந்தம்: சிங்கப்பூர் ‘ருத்ரா’வின் 30 வருடக் கதை

ஹெட்செட் பக்கம்

மாங்கனித் திருவிழாவுக்காக ஊருக்குப் போயிருந்தேன். காரைக்காலில் மாம்பழம் பிடித்து, கூட்டத்தில் மிதிபட்டு, கோட்டுச்சேரிமேட்டுக்குத் திரும்பி வந்து திண்ணையில் காலை நீட்டிக்கொண்டு பாட்டு கேட்டுக்கொண்டிருந்தேன். ஹெட்செட் வயர் லூஸ் கனெக்‌ஷன். போனிலிருந்து சத்தம் வெளியே கொட்டிவிட்டது.

உள்ளேயிருந்து அப்பாயி ஓடி வந்தார். “ஏம்புள்ள, இது என்னா பாட்டா, இல்ல எவனாச்சும் அடி வாங்குறானா?”

“பாட்டுதான் அப்பாயி. சாமி பாட்டு.”

“எந்தச் சாமி?”

“சிவன். இந்த பேண்டு பேரே ருத்ரா.”

“சிவனை இப்புடியா கூப்புடுவாங்க, பேய் கத்துறாப்புல?”

எனக்கு உடனே ஒன்று தோன்றியது. “நம்ம அம்மையாரும் பேய் உருவம் வாங்கிக்கிட்டுத்தானே அப்பாயி பாடுனாங்க?”

அப்பாயி கொஞ்ச நேரம் யோசித்தார். “அது சரிதான். ஆனா அவங்க தமிழ்லல்ல பாடுனாங்க?” என்று சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டார்.

இந்த வாரப் பக்கத்தை எழுதவைத்தது அந்த ஒரு கேள்விதான்.

சிங்கப்பூரில் மூன்று பேர்

எங்கள் கரையில் சிங்கப்பூர் என்பது தூர தேசம் இல்லை. எஸ்.எஸ்.ரஜூலா, அதற்குப் பிறகு எம்.வி.சிதம்பரம் என்று நாகப்பட்டினத்திலிருந்து பினாங்குக்கும் சிங்கப்பூருக்கும் கப்பல் போன காலத்தை நினைவில் வைத்திருக்கும் பெரியவர்கள் இன்னும் தெருவுக்குத் தெரு இருக்கிறார்கள். அங்கிருந்து வருவது என்றால் கோடாலித் தைலம், ஜார்ஜெட் புடவை, டேப் ரெக்கார்டர். அதே ஊரில் தமிழ்ப் பெயர் கொண்ட பையன்கள் டெத் மெட்டல் வாசித்துக்கொண்டிருந்த சேதி மட்டும் எந்தப் பெட்டியிலும் வந்து சேரவில்லை.

1992-ல் கதிர், சிவா, பாலா என்ற மூன்று பேர் சேர்ந்து ஒரு பேண்டு தொடங்கினார்கள். கதிர் பேஸ் கிட்டார் வாசித்தபடியே பாடுவார். சிவா டிரம்ஸ். பாலா கிட்டார். அப்போது சிங்கப்பூர் மெட்டல் வட்டத்தில் மலாய் இளைஞர்கள்தான் அதிகம். அந்த ஊரில் இந்திய வம்சாவளியினர் பத்தில் ஒரு பங்குகூட இல்லை. அந்தச் சிறுபான்மைக்குள் மெட்டல் கேட்பவர்கள் எத்தனை பேர் இருந்திருப்பார்கள் என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். கோயிலுக்குப் போகிற தமிழர்களுக்கு இவர்கள் இசை அந்நியம். மெட்டல் கேட்கிறவர்களுக்கு இவர்கள் பாடும் விஷயம் அந்நியம்.

1996-ல் பேண்டு கலைந்தது. பெரும்பாலான பேண்டுகளின் கதை இந்த இடத்தில் முடிந்துவிடும். இவர்கள் அடுத்த வருடமே மறுபடி கூடினார்கள். 1998-ல் ‘ருத்ரா’ என்ற பெயரிலேயே முதல் ஆல்பம் வந்தது.

சத்தம் எப்படி உருவாகிறது?

மெட்டல் பழக்கமில்லாதவர்களுக்குச் சின்னதாக ஒரு விளக்கம். கிட்டாரிலிருந்து வரும் ஒலியை, ஆம்ப்ளிஃபையர் தாங்கும் அளவுக்கு மேல் ஏற்றினால் ஒலி அலையின் உச்சி வெட்டுப்பட்டு ஒரு கரகரப்பு பிறக்கும். அதற்கு டிஸ்டார்ஷன் என்று பெயர். திருவிழா மைக்கில் யாராவது உரக்கக் கத்தும்போது குழாய் ஸ்பீக்கர் பிளந்துகொண்டு வருமே, அது நமக்குக் கோளாறு. மெட்டலில் அதுதான் அழகு.

அடுத்தது டிரம்ஸ். பெரிய டிரம்மை ஒரு காலால் மிதிப்பது வழக்கம். இவர்கள் இரண்டு காலாலும் மிதிப்பார்கள். நம் ஊர் தவிலில் இரண்டு கையும் சேர்ந்து பொழிவது மாதிரி இங்கே கால்கள் பொழியும்.

மூன்றாவது, அப்பாயியை ஓடிவரவைத்த அந்தக் குரல். பேசுவதற்கு நாம் பயன்படுத்தும் குரல் நாண்களுக்கு மேலே இன்னொரு ஜோடி மடிப்பு இருக்கிறது. அதை அதிரவைத்து எழுப்புவதுதான் இந்த உறுமல். முறையாகப் பழகாமல் செய்தால் தொண்டை புண்ணாகிவிடும். வெறுமனே கத்துவது வேறு, இது வேறு.

இந்த இசையின் வேர் இங்கிலாந்தின் பர்மிங்ஹாம் நகரத் தொழிற்சாலைகளில் இருக்கிறது. பிளாக் சாபத் பேண்டின் கிட்டாரிஸ்ட் டோனி அயோமி, இளம் வயதில் தகரப் பட்டறை வேலையில் இரண்டு விரல் நுனிகளை இழந்தவர். வலி குறைய கம்பிகளைத் தளர்த்தி வாசித்தார். பேண்டின் முதல் ஆல்பம் 1970-ல் வந்தது. கூலித் தொழிலாளியின் காயத்திலிருந்து வந்த இசை என்பதாலோ என்னவோ, உலகத்தில் ஓரமாக நிற்பவர்கள் எல்லோரும் அதைத் தங்களுடையதாக எடுத்துக்கொண்டார்கள்.

சாத்தான் இல்லை, உபநிடதம்

மேற்கில் டெத் மெட்டல், பிளாக் மெட்டல் என்றாலே பிணம், ரத்தம், சாத்தான், சர்ச்சை எதிர்ப்பது என்று ஒரு வாய்ப்பாடு உண்டு. சிங்கப்பூர்த் தமிழ்ப் பையன்களுக்கு அந்தச் சண்டையில் என்ன வேலை? எதிர்க்க அவர்களுக்கு ஒரு சர்ச்சும் இல்லை. அவர்கள் வீட்டுப் பூஜை அறையில் இருந்ததை எடுத்தார்கள். ருத்ரன் என்ற பெயருக்கே ‘கதறுபவன், ஓலமிடுபவன்’ என்று மரபாக ஒரு பொருள் சொல்வார்கள். உறுமலுக்கு இதைவிடப் பொருத்தமான சாமி கிடைக்குமா?

தங்கள் இசைக்கு அவர்கள் வைத்த பெயர் ‘வேத மெட்டல்’. 2003-ல் ‘குருக்ஷேத்ரா’. 2005-ல் ‘பிரம்மவித்யா: பிரைமார்டியல் ஐ’. இந்த ‘ஐ’ ரோமன் எண் இல்லை, ‘நான்’ என்ற ஆங்கிலச் சொல். ‘நான் யார்’ என்ற கேள்விதான் ஆல்பத்தின் சரடு. அதன் தொடர்ச்சியாக 2009-ல் ‘டிரான்சென்டென்டல் ஐ’, 2011-ல் ‘இம்மார்ட்டல் ஐ’. ஆறு வருடங்களில் மூன்று ஆல்பங்களாக ஒரே தத்துவத்தை அவர்கள் விரித்துச் சொன்னார்கள். பிறகு 2013-ல் ‘ரிதா’, 2016-ல் ‘எனிமி ஆஃப் டுவாலிட்டி’, 2022-ல் ‘எய்ட் மகாவித்யாஸ்’. 1992-லிருந்து கணக்குப் பார்த்தால் 30 வருடம். ஆட்கள் வந்தார்கள், போனார்கள். கதிரும் சிவாவும் கடைசிவரை நின்றார்கள்.

இது வெறும் அலங்காரம் இல்லை என்பதற்கு கதிரின் வாழ்க்கையே சாட்சி. அவர் வேதாந்தம் முறையாகக் கற்றவர், கற்பிப்பவர். மனக்கவனப் பயிற்சி என்று நாம் சொல்லும் மைண்ட்ஃபுல்னெஸ் பற்றி நூல் எழுதியிருக்கிறார். மேடையில் உறுமுகிற அதே மனிதர்தான் வேறொரு அறையில் மூச்சைக் கவனிக்கச் சொல்லித்தருகிறார். முதலில் எனக்கு இது முரணாகத் தெரிந்தது. பிறகு காரைக்கால் அம்மையாரை நினைத்துக்கொண்டேன்.

கணவன் கொடுத்தனுப்பிய மாங்கனிக் கதை எல்லோருக்கும் தெரியும். அதற்குப் பிறகு புனிதவதி கேட்டது என்ன? அழகு வேண்டாம், பேய் வடிவம் போதும் என்பதுதான். அவர் பாடியது மலர்ச்சோலையை இல்லை, திருவாலங்காட்டுச் சுடுகாட்டை. மூத்த திருப்பதிகத்தில் எரியும் பிணமும் பேய்க்கூட்டமும் வருகின்றன. தமருகம், மத்தளம், குடமுழா என்று தோல்கருவிகள் வரிசைகட்டி முழங்குகின்றன. நடுவில் ஆடுபவன் சிவன். பயங்கரத்தின் நடுவே நின்றுதான் அவர் அமைதியைக் கண்டார். சுமார் 1500 வருடத்துக்கு முன்னால் எங்கள் ஊர்ப் பெண் ஒருவர் போட்ட பாதை அது. ருத்ரா அவரைப் படித்தார்களா என்பது இங்கே முக்கியமில்லை. உக்கிரத்துக்குள் பக்தி இருக்க முடியும் என்பது நமக்கு ஒன்றும் புதிதில்லை.

உறுத்தும் ஒரு தலைப்பு

இப்போது கொஞ்சம் கசப்பு. 2001-ல் வந்த இரண்டாவது ஆல்பத்தின் பெயர் ‘தி ஆரியன் குருசேட்’. சமஸ்கிருதத்தில் ‘ஆர்ய’ என்றால் மேன்மையானவர், அந்தப் பொருளில்தான் வைத்தோம் என்பது பேண்டின் விளக்கம். அவர்கள் நோக்கத்தை நான் சந்தேகிக்கவில்லை. ஆனால் ஒரு சொல்லை அகராதியிலிருந்து மட்டும் எடுத்துவிட முடியாது. ஐரோப்பாவில் நாஜிகள் அதை ரத்தத்தில் நனைத்துவிட்டார்கள். தமிழ்நாட்டிலோ அந்தச் சொல்லைச் சுற்றி நூறு வருட அரசியல் வாதம் இருக்கிறது. தமிழ்ப் பெயர் கொண்டவர்களின் ஆல்பத்தில் அதைப் பார்க்கும்போது இங்கே யாருக்கும் ஒரு நொடி முகம் சுருங்கத்தான் செய்யும்.

பெரிய கேள்வி அப்பாயி கேட்டதுதான். பாடல்கள் பெரும்பாலும் ஆங்கிலம், இடையிடையே சமஸ்கிருத ஸ்லோகம். தமிழைத் தேடிப் போனால் ஏமாற்றம்தான். சிங்கப்பூரில் தமிழ் நான்கு ஆட்சிமொழிகளில் ஒன்று, பள்ளியில் கற்றுத்தருகிறார்கள். இருந்தும் ஏன்? உலக ரசிகர்களை எட்ட ஆங்கிலம், வேதாந்த மூலத்துக்கு சமஸ்கிருதம் என்று இரண்டுக்கும் நியாயம் சொல்லலாம். சிங்கப்பூர் தேசியக் கல்விக் கழகத்தின் இசை ஆய்வாளர் யூஜின் டைரியநாதன் 2009-ல் வேத மெட்டல் பற்றி ஓர் ஆய்வுக் கட்டுரை எழுதினார். அங்குள்ள தென்னிந்தியச் சமூகத்தின் அடையாளச் சிக்கலைத்தான் அவர் இந்த இசை வழியாகப் பேசியிருக்கிறார். ஒரு பேண்டை ஆய்வுலகம் தேடி வருகிறதென்றால், அது எழுப்பும் கேள்வி பாட்டையும் தாண்டிப் பெரிதாகிவிட்டது என்று அர்த்தம்.

ஸ்பெயின்காரர்கள் என்ன செய்தார்கள்?

இதே மொழிச் சிக்கலை வேறு விதமாகச் சந்தித்தவர்கள் ஸ்பெயினின் ‘பாரோன் ரோஹோ’. சர்வாதிகாரி ஃபிராங்கோ 1975-ல் இறந்த பிறகு அந்த நாடு மெல்ல மூச்சுவிட ஆரம்பித்தது. 1980-ல் மாட்ரிட்டில் அண்ணன் தம்பிகளான கார்லோஸ் தே காஸ்ட்ரோ, அர்மாந்தோ தே காஸ்ட்ரோ இருவரும் பேஸ் கிட்டாரிஸ்ட் ஷெர்பா, டிரம்மர் எர்மெஸ் கலாப்ரியாவோடு இந்த பேண்டைத் தொடங்கினார்கள். ஹார்டு ராக் என்றாலே ஆங்கிலம் என்றிருந்த காலம். இவர்கள் தாய்மொழியில் பாடினார்கள்.

1982-ல் லண்டனுக்குப் போய் ‘வோலுமென் புருதால்’ ஆல்பத்தைப் பதிவு செய்தார்கள். அதே வருடம் இங்கிலாந்தின் ரீடிங் திருவிழா மேடையிலும் வாசித்தார்கள். அந்த ஆல்பத்துக்கு ஆங்கிலப் பதிப்பும் வந்தது. ஆனால் ஸ்பெயினிலும் லத்தீன் அமெரிக்காவிலும் இன்றும் ரசிகர்கள் கூடிப் பாடுவது ஸ்பானிஷ் பாடல்களைத்தான். 1989-ல் அந்த நால்வர் அணி உடைந்தபோதும் பாடல்கள் உடையவில்லை, ஏனென்றால் அவை ஏற்கெனவே ஜனங்களின் வாயில் இருந்தன.

இந்த வித்தியாசம் எனக்கு முக்கியமாகப் படுகிறது. ருத்ராவின் பாடல் ஓர் ஆய்வாளரின் மேஜைக்குப் போனது, கனத்த இசை கேட்கும் உலக வட்டத்துக்குப் போனது. கோட்டுச்சேரிமேட்டுத் திண்ணைக்கு வர 30 வருடம் ஆயிற்று. வந்ததும் ஹெட்செட் வயரின் புண்ணியத்தில்.

விட்டுச்சென்றது என்ன?

இன்று டெல்லியின் ‘பிளடிவுட்’ 2019-ல் ஜெர்மனியின் வாக்கன் திருவிழா மேடை ஏறிய கதை எல்லோருக்கும் தெரியும். 2018 ஜனவரியில் சென்னையில் முதல் மேடை ஏறிய ‘தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ்’ கானாவையும் ராப்பையும் ராக்கையும் தமிழில் கலந்து சாதியைக் கேள்வி கேட்டது. இவர்கள் யாரும் ருத்ராவின் வாரிசுகள் என்று சொல்லவரவில்லை. ஆனால் யூடியூபும் ஸ்பாட்டிஃபையும் இல்லாத 1992-ல், ‘இந்த இசைக்குள் நம்ம வீட்டு விஷயத்தை வைக்கலாம்’ என்று நினைத்துப் பார்த்த சிலரில் அவர்கள் முந்தியவர்கள். நம் வட்டாரத்தில் கிட்டார் தூக்கும் எந்தப் பையனுக்கும் பெண்ணுக்கும் இன்று கிடைக்கும் தைரியத்தில் அந்த முந்தியவர்களுக்கும் ஒரு பங்கு உண்டு.

கேட்டுப் பார்க்க நினைப்பவர்களுக்கு ஒரு வழி. முதல் ஆல்பத்திலிருந்து ஆரம்பிக்காதீர்கள், மிரண்டுவிடுவீர்கள். 2009 ஆல்பத்தில் ‘ஹிம்ஸ் ஃப்ரம் தி பிளேசிங் சாரியட்’ என்று ஒரு பாட்டு இருக்கிறது. அர்ச்சுனனின் தேரை மனதில் வைத்துக்கொண்டு கேளுங்கள். முதல் தடவை குரலை விட்டுவிட்டு டிரம்ஸை மட்டும் பின்தொடருங்கள். இரண்டாம் தடவை கிட்டார். மூன்றாம் தடவை வரிகளைக் கையில் வைத்துக்கொண்டு குரல். சத்தத்தைப் பாதியில் வையுங்கள், காது நமக்கு வேண்டும்.

அன்று ராத்திரி அப்பாயியிடம் அந்தப் பாட்டின் கதையைச் சொன்னேன். போருக்கு நடுவே நின்று ஒருத்தன் கேள்வி கேட்டது, தேரோட்டி பதில் சொன்னது என்று முழுவதும் கேட்டார். “கதை நல்லாத்தான் இருக்கு. யாராச்சும் நம்ம அம்மையார் பாட்ட இந்த மாதிரி போட்டா சொல்லு, கேக்குறேன்” என்றார்.

சொல்லிவிட்டேன். கிட்டார் வைத்திருப்பவர்கள் கவனிக்க.

(அடுத்த வாரம்: காஸ்ட்லெஸ் கலெக்டிவ் மேடையில் சாவு மோளம் ஏறிய கதை.)