ஓட்டை இலைக்கு நாம் குறைக்கும் விலை

எமரால்டு பக்கம் கோஸ் தோட்டத்தில் நடந்து பாருங்கள். காலடியிலிருந்து சாம்பல் நிறத்தில் சின்னஞ்சிறு பூச்சிகள் கிளம்பி, நாலடி தள்ளி மறுபடியும் இலையில் உட்காரும். அரிசி மணியைவிடச் சற்றே பெரியவை. இறக்கையை மடக்கினால் முதுகில் வெளிர் நிறத்தில் மூன்று வைரக்கல் வடிவம் தெரியும். வைரமுதுகு அந்துப்பூச்சி என்பது இதுதான். நம்மில் பலர் பூச்சியைப் பார்த்ததில்லை. அது போட்ட ஓட்டையைப் பார்க்காதவர் இல்லை.

இலையின் அடிப்பக்கம் முட்டை வைக்கும். பச்சைப் புழு வெளிவந்து இலையைச் சுரண்டித் தின்னும். தொட்டால் துள்ளிப் பின்வாங்கி, நூல்விட்டுத் தொங்கும். பிறகு வலைபோன்ற வெள்ளைக் கூட்டுக்குள் அடங்கிப் பூச்சியாகும். கனமழை புழுவை அடித்துப் போய்விடும். வெயில் மாதங்களில்தான் தொல்லை அதிகம்.

மருந்தை வெல்வதில் இதற்கு நிகர் குறைவு. 1953-லேயே ஜாவாவில் டி.டி.டி. இதனிடம் தோற்றது. அதற்குப் பின் வந்த மருந்துகள் பலவற்றுக்கும் பல நாடுகளில் அதே கதிதான். அடிக்க அடிக்கப் பிழைத்தவற்றின் வாரிசுகளே பெருகுகின்றன.

இதற்கு ஓர் எதிரி உண்டு. டயாடெக்மா என்ற சிறு குளவி, புழுவின் உடலுக்குள் முட்டையிட்டு அதை அழிக்கும். குளிர்ந்த மலைகளில் நன்றாக வாழும். நம் நீலகிரியிலும் இருக்கிறது. மலேசியாவின் கேமரன் மலையில் 1970-களில் கொண்டுவந்து விட்டார்கள். குளவியையும் சேர்த்துக் கொல்லும் கடும் மருந்துகளைக் குறைத்த பிறகே அங்கு அதன் வேலை பலித்தது.

இதில் நமக்கென்ன என்று கேட்கலாம். நானும் கேட்டவன்தான். மேலிலையில் பத்து ஓட்டை தெரிந்தால் மூட்டைக்கு விலையைக் குறைத்துத்தான் எடுத்தேன். அந்த மேலிலையைக் கடைக்காரர் எப்படியும் உரித்துக் குப்பையில் போடுகிறார்! குப்பைக்குப் போகும் இலைக்காக விவசாயியை வாரம் ஒரு மருந்து அடிக்க வைத்தது நம் ஏலம்தான். அடித்த மருந்து மழையில் எந்தப் பக்கம் ஓடும் என்பதை எமரால்டு அணையின் கரையில் இருப்பவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

புழு உள்ளே குடைந்த கோஸை யாரும் வாங்கச் சொல்லவில்லை. உருண்டை இறுக்கமாக, சுத்தமாக இருந்தால் மேலிலை ஓட்டைக்கு விலை குறைப்பதில்லை என்று மண்டிக்காரர்கள் ஒருமித்து முடிவெடுக்க வேண்டும். ஒருவர் மட்டும் செய்தால் அவருக்குத்தான் நஷ்டம்.

சங்கத்தில் மருந்துக்கடை அன்பர்களும் இருக்கிறார்கள்; கோபிக்க வேண்டாம். இரண்டு மூன்று மருந்தைக் கலந்து கொடுக்கும் பழக்கத்தை விடுங்கள். அடித்த பின் எத்தனை நாள் கழித்து வெட்டலாம் என்பதை வாயாலும் சொல்லுங்கள். சீட்டில் உள்ள பொடி எழுத்தை யார் படிக்கிறார்கள்?

மளிகைக்காரர்களுக்கும் வேலை உண்டு. 25 வரிசை கோஸுக்கு இடையில் கடுகு விதைத்தால் பூச்சி கடுகையே நாடி முட்டையிடும் என்று பெங்களூரு இந்தியத் தோட்டக்கலை ஆராய்ச்சி நிறுவனம் கண்டறிந்துள்ளது. அப்போது கடுகில் மருந்து அடிக்கலாம். முளைக்கும் தரமுள்ள பெருங்கடுகைத் தனியாக வாங்கி வையுங்கள்.

மண்டி விலை விஷயத்தை அடுத்த பொதுக்குழுவில் முதல் பொருளாக வைக்கக் கேட்டுக்கொள்கிறேன்.