திறமைக்குக் கதவு திறந்தது யார்?

கடந்த மகளிர் நாளன்று நான் வேலை பார்க்கும் மென்பொருள் நிறுவனத்தின் சுவரில் நாசா கணிதவியலாளர் கேத்ரின் ஜான்சனின் படத்தை ஒட்டியிருந்தார்கள். கீழே, 'திறமைக்குத் தடையில்லை' என்று எழுதியிருந்தது. அதைப் பார்த்துப் பூரித்துப்போன ஒருவர், மதியச் சாப்பாட்டின்போது, "கோட்டா இருக்கிறவரைக்கும் இந்த நாடு உருப்படாது, தகுதிய மட்டும்தான் பாக்கணும்" என்றார். நான் வாய் திறக்கவில்லை. இடஒதுக்கீட்டில் படித்து, எங்கள் குடும்பத்தில் முதன்முதலாகக் கல்லூரி வாசலை மிதித்தவள் நான். பதில் சொன்னால், அடுத்த கேள்வி என் சாதியைப் பற்றித்தான் வரும். அன்று சொல்லாததை இங்கே சொல்கிறேன்.

திறமைக்குத் தடை இருந்தது. வர்ஜீனியா மாநிலத்தின் லாங்லி விமான ஆய்வுக்கூடம் 1935இலேயே பெண்களைக் கணக்கீட்டு வேலைக்கு எடுத்தது. அன்று 'கம்ப்யூட்டர்' என்றால் இயந்திரமல்ல, கணக்குப் போடும் ஆள். ஆனால் எடுத்தது வெள்ளையினப் பெண்களை மட்டும். டாரதி வாகன் 1929இலேயே பட்டம் பெற்றவர், கணித ஆசிரியர், கறுப்பினப் பெண். அவர் லாங்லிக்குள் நுழைந்தது 1943இல். இந்த 14 ஆண்டுகளில் அவருக்கு இல்லாத எந்தத் திறமை திடீரென்று முளைத்துவிட்டது?

முளைத்தது போராட்டம். 1941இல் தொழிற்சங்கத் தலைவர் ஏ. ஃபிலிப் ராண்டால்ஃப், பாதுகாப்புத் தொழில்களில் கறுப்பினத்தவரை ஒதுக்குவதை எதிர்த்து வாஷிங்டனை நோக்கிப் பேரணி என்று அறிவித்தார். மிரண்டுபோன அதிபர் ரூஸ்வெல்ட் அந்தப் பாகுபாட்டைத் தடைசெய்து 8802ஆம் எண் ஆணையில் கையெழுத்திட்டார். போர்க்கால ஆள் பற்றாக்குறையும் சேர்ந்துகொள்ள, கதவு திறந்தது.

உள்ளே போனால் தனி அலுவலகம், தனிக் கழிப்பறை. உணவுக்கூடத்தில் கறுப்பினப் பெண்களுக்கென்று அட்டை வைத்த தனி மேசை. இரட்டைக் குவளை நமக்குப் புதிதா என்ன? மிரியம் மேன் அந்த அட்டையை எடுத்துக் கைப்பையில் போட்டுக்கொண்டார். திரும்ப வைத்தார்கள், திரும்ப எடுத்தார். கடைசியில் அட்டை வைத்தவர்கள்தான் ஓய்ந்தார்கள். மேரி ஜாக்சன் பொறியாளர் ஆவதற்கான வகுப்பு வெள்ளையர் பள்ளியில் நடந்தது. அங்கே உட்கார்ந்து படிக்கவே நகர நிர்வாகத்திடம் மனுப்போட்டு அனுமதி வாங்கினார்.

கேத்ரின் ஜான்சன் 1953இல் வந்து சேர்ந்தது டாரதி வாகன் தலைமை வகித்த பிரிவில். 1962இல் ஜான் க்ளென் பூமியைச் சுற்றப் புறப்படும் முன், இயந்திரம் போட்ட கணக்கை இவரைச் சரிபார்க்கச் சொன்னார். அந்த ஆணை இல்லையென்றால் அந்தப் பிரிவு இல்லை. பிரிவு இல்லையென்றால் சுவரில் இந்தப் படமும் இல்லை.

8802 இடஒதுக்கீடு அல்லவே என்று கேட்பார்கள். உண்மைதான். ஒதுக்காதே என்று மட்டும் சொன்ன ஆணை அது. கதவு அந்த அளவு திறந்ததற்கே இத்தனை பேர் வந்தார்கள் என்றால், மூடிய கதவுக்குப் பின்னால் எத்தனை டாரதிகள் வீணடிக்கப்பட்டிருப்பார்கள்? இங்கே, நம் சேரிகளில்?

தடையே இல்லை என்று எழுதுபவர்கள், தடை தம்மைத் தொடாத இடத்தில் பிறந்தவர்கள். அடுத்த ஆண்டும் கேத்ரின் படத்தை ஒட்டட்டும். பக்கத்தில் ராண்டால்ஃப் படத்தையும் ஒட்டச் சொல்லி நானே கேட்கப்போகிறேன். சாதியைக் கேட்டால், அதையும் சொல்வேன்.