வெறுந்துவக்கு என்ற சொல்லை நம்பலாமா?



துவக்கு என்ற சொல் காதில் விழுந்ததுமே எம்மவரிற் பலர் பேச்சை மாற்றிவிடுகின்றனர். போரைக் கண்ணாற் கண்டு, அதிலிருந்து தப்பி இந்நாட்டுக்கு வந்த ஒரு சமூகத்திடம் இது இயல்பானதே. எனினும், எமது மௌனம் எமது பிள்ளைகளைப் பாதுகாக்கிறதா என்ற கேள்வியை நாம் எழுப்பியே ஆகவேண்டும். பாதுகாக்கவில்லை என்பதே எனது கருத்து.

கனடாவிலே துவக்கு என்பது போர்க்கருவியாக மட்டும் அறியப்படுவதில்லை. இலையுதிர் காலத்து வாத்து வேட்டை, இளவேனில் காலத்து வான்கோழி வேட்டை, களிமண் தட்டுக்களை வானில் எறிந்து சுடும் விளையாட்டு என்பன இந்நாட்டுக் கிராமப்புற வாழ்வின் பகுதிகள். பன்னிரண்டு முதல் பதினேழு வயது வரையுள்ளோர், பெற்றோரின் சம்மதத்துடன் பாதுகாப்புப் பயிற்சி பெற்று, இளையோருக்கான அனுமதிப்பத்திரம் எடுக்கவும் சட்டம் இடமளிக்கின்றது. ஆகவே எமது பிள்ளையின் வகுப்புத் தோழன் வேட்டைக் குடும்பத்தைச் சேர்ந்தவனாக இருக்கலாம். வார இறுதியில் அவர்களது ஏரிக்கரை வீட்டுக்கு எமது பிள்ளையும் அழைக்கப்படலாம். அங்கே ஒருவர் ஒரு துவக்கை நீட்டி, "பயப்படாதே, இது வெறுந்துவக்குத்தான்" என்று சொல்லலாம். அந்த ஒரு சொல்லைப் பற்றியதே இக்கட்டுரை.

பழைய துவக்கும் புதிய துவக்கும்

வன்னியிலே காட்டுப்பன்றியிடமிருந்து பயிரைக் காக்கச் சொட்கன் வைத்திருந்த விவசாயிகளை எம்மில் மூத்தோர் அறிவர். அவற்றிற் பெரும்பாலானவை நடுவில் மடித்துத் திறக்கும் ஒற்றைக்குழல் அல்லது இரட்டைக்குழல் துவக்குகள். மடித்துத் திறந்தால் குழலின் பின்புறம் முழுவதும் கண்ணுக்குத் தெரியும். தோட்டா இருக்கிறதா இல்லையா என்பதில் ஐயத்துக்கு இடமில்லை.

செமி ஒட்டோமற்றிக் சொட்கன் அவ்வாறானதன்று. அமெரிக்கரான ஜோன் பிரௌனிங் 1900ஆம் ஆண்டளவில் உருவாக்கிய வடிவமைப்பே இவ்வகையில் முதன்முதலாகப் பெருவெற்றி பெற்றது. ஒரு தோட்டா வெடித்ததும் அதன் உந்துவிசையோ, குழலிலிருந்து பிரித்தெடுக்கப்படும் வாயுவின் அழுத்தமோ போல்டைப் பின்னே தள்ளுகின்றது. வெற்றுக்கோது வெளியே எறியப்படுகின்றது. சுருள்வில் போல்டை மீண்டும் முன்னே தள்ளும்போது அடுத்த தோட்டா தானாகவே அறைக்குள் ஏறிவிடுகின்றது. சுடுபவர் விசையை மறுபடி அழுத்தினாற் போதும்.

இந்த வசதிதான் ஆபத்தின் ஊற்றுக்கண்ணும் ஆகும். இத்துவக்கில் தோட்டா இருக்கக்கூடிய இடம் ஒன்றன்று, மூன்று. முதலாவது, குழலின் பின்முனையில் உள்ள தோட்டா அறை. இரண்டாவது, குழலுக்குக் கீழே அதற்கு இணையாக ஓடும் மகசின் குழாய். மூன்றாவது, குழாயிலிருந்து வரும் தோட்டாவை அறையின் மட்டத்துக்கு உயர்த்தும் தூக்கித் தட்டு. இந்த மூன்றில் எந்த ஒன்றைப் பார்க்கத் தவறினாலும் அந்தத் துவக்கு வெறுமையானது என்று சொல்ல எவருக்கும் உரிமையில்லை.

வெறுமையாக்கும் முறை

கனடிய துவக்குப் பாதுகாப்புப் பயிற்சியில் 'புறூவ்' என்ற சொல்லின் எழுத்துக்களை நினைவுக்குறியாகக் கொண்டு ஐந்து படிகள் கற்பிக்கப்படுகின்றன. அவற்றைச் செமி ஒட்டோமற்றிக் சொட்கனுக்குப் பொருத்திப் பார்ப்போம்.

முதலாவது, குழலை அவ்விடத்தில் மிகப் பாதுகாப்பான திசையில் நீட்டுதல். எது பாதுகாப்பான திசை என்பது இடத்தைப் பொறுத்தது. வயல்வெளியில் அது நிலமாக இருக்கலாம். ரொறன்ரோவின் அடுக்குமாடியில் எமது தரை இன்னொருவரின் கூரை என்பதை மறக்கலாகாது. ஆகவே வெறுமையாக்கும் வேலை வேட்டைக்களத்திலேயே, வாகனத்தை அணுகுமுன்பே முடிந்துவிட வேண்டும். இவ்வேலை முடியும்வரை விரல் விசைக்கும் அதைச் சுற்றியுள்ள வளையத்துக்கும் வெளியே இருத்தல் வேண்டும். அத்துவக்கின் அமைப்பு இடமளிக்குமாயின் பாதுகாப்புப் பொத்தானும் போடப்பட்டிருக்க வேண்டும். எனினும் அப்பொத்தானை மட்டும் நம்பக்கூடாது. அதுவும் தேயக்கூடிய, பழுதடையக்கூடிய ஒரு சிறு உலோகத்துண்டே.

இரண்டாவது, தோட்டாக்கள் அனைத்தையும் அகற்றுதல். போல்டின் கைப்பிடியைப் பின்னே இழுத்தால் அறையிலுள்ள தோட்டா வெளியே விழும். அனுபவமற்றவர் ஏமாறுவது இங்கேதான். தோட்டா விழுந்ததைக் கண்டதும் வேலை முடிந்தது என்று எண்ணுகின்றனர். ஆனால் சில மாதிரிகளில் போல்ட் முன்னே செல்லும்போதே அடுத்த தோட்டா அறைக்குள் ஏறிவிடும். வேறு சிலவற்றில் ஒரு சிறு பொத்தானை அமுக்கும் வரை அது குழாயிலேயே காத்திருக்கும். எனவே குழாயிலுள்ளவற்றையும் முற்றாக எடுக்க வேண்டும். சில மாதிரிகளில் அடிப்புற வாயிலின் தடுப்பை அமுக்கி ஒவ்வொன்றாக எடுக்கலாம். சிலவற்றில் போல்டை மீண்டும் மீண்டும் இயக்கியே வெளியேற்ற வேண்டும். பின்னைய முறையில் ஒவ்வொரு தடவையும் துவக்கு சுடத் தயாரான நிலைக்கு வருகின்றது என்பதை மனத்திற் கொள்க. எம்மிடமுள்ள மாதிரிக்கு எம்முறை உரியது என்பதை அதன் கைநூலே சொல்லும்.

மூன்றாவது, போல்டைப் பின்னே நிறுத்திவைத்துத் தோட்டா அறையைக் கண்ணாற் பார்த்தல். இருட்டில் அல்லது குளிரில் விறைத்த நிலையில் கண் ஏமாறலாம். ஆதலால் விரல் நுனியாலும் தொட்டுப் பார்ப்பது நன்று. அவ்வேளை போல்ட் உறுதியாகப் பூட்டி நிற்கிறதா என்று கவனிக்க வேண்டும். அது சடுதியாக மூடினால் விரல் நசுங்கும்.

நான்காவது, தோட்டா வரும் பாதையைச் சரிபார்த்தல். தூக்கித் தட்டின் மேல் ஏதும் தங்கியுள்ளதா? குழாயின் வாயில் தோட்டாக்களைத் தள்ளும் மூடி தெரிகின்றதா? அம்மூடி தெரியவில்லை எனில் உள்ளே ஏதோ சிக்கியுள்ளது என்றே கொள்ள வேண்டும். அழுக்கும் துருவும் சேர்ந்த குழாயில் சுருள்வில் இறுகி, தோட்டா வெளிவராமல் நின்றுவிடுவதுண்டு. பிறிதொரு நாள் ஓர் அதிர்வில் அது விடுபடலாம்.

ஐந்தாவது, குழலின் உட்புறத்தில் அடைப்பு உண்டா என்று பார்த்தல். பன்னிரண்டாம் அளவுக் குழலின் உள்விட்டம் ஏறத்தாழ 18.5 மில்லிமீற்றர். இருபதாம் அளவினது ஏறத்தாழ 15.6 மில்லிமீற்றர். சிறிய தோட்டா தவறுதலாகப் பெரிய குழலுக்குள் போடப்பட்டால் அது வழுக்கிச் சென்று நடுவிற் சிக்கிவிடும். அதன் பின்னே உரிய தோட்டாவைப் போட்டுச் சுட்டால் குழலே வெடிக்கும். இதனாற்றான் இருபதாம் அளவுத் தோட்டாக்கள் மஞ்சள் நிறத்திற் செய்யப்படுகின்றன.

இரண்டு தவறான நம்பிக்கைகளையும் இங்கே குறிப்பிட வேண்டும். விசையை ஒருமுறை அழுத்திப் பார்த்து வெறுமையை உறுதிசெய்யலாம் என்பது ஒன்று. ஐயம் உண்மையாக இருந்தால் அச்சோதனையே விபத்தாகிவிடும். எண்ணிக்கையை நம்பலாம் என்பது மற்றையது. வலசைப் பறவை வேட்டையில் துவக்கு மூன்று தோட்டாக்களுக்கு மேற் கொள்ளக்கூடாது என்பது விதி. அதற்காகக் குழாயினுள் ஓர் அடைப்புக் கட்டை வைக்கப்படும். "மூன்று போட்டேன், மூன்றும் எடுத்தேன்" என்பவர் அந்தக் கட்டை கழற்றப்பட்டதையோ வேறொருவர் நாலாவதைப் போட்டதையோ அறியாதிருக்கலாம். கணக்கு நினைவைச் சார்ந்தது. திறந்த அறையோ கண்முன்னே நிற்பது.

சட்டம் சொல்வது

ஒன்ராறியோவின் வேட்டை விதிகளின்படி, அறையில் மட்டுமன்றித் துவக்கோடு பொருந்தியுள்ள மகசினில் ஒரு தோட்டா இருந்தாலும் அது நிரப்பப்பட்ட துவக்கே. வீட்டில் வைப்பதற்கும் கூட்டாட்சி விதிகள் உண்டு. சாதாரண வேட்டைத் துவக்கு வெறுமையாக்கப்பட்டு, பூட்டுக் கருவியாற் பூட்டப்பட்டோ, போல்ட் கழற்றப்பட்டோ, பூட்டிய பெட்டியினுள்ளோ இருத்தல் வேண்டும். தோட்டாக்கள் எளிதில் எடுக்கமுடியாதவாறு புறம்பாக அல்லது பூட்டி வைக்கப்பட வேண்டும். கவனயீனமாக வைத்திருப்பது குற்றவியற் சட்டத்தின் 86ஆம் பிரிவின்படி குற்றமாகும். 2020ஆம் ஆண்டு முதல் பல மாதிரிகள் தடைசெய்யப்பட்டுள்ளமையால், ஒரு துவக்கு எவ்வகைக்குள் அடங்குகின்றது என்பதை வாங்குமுன் உறுதிசெய்வதும் அவசியம்.

மரியாதையும் சரிபார்ப்பும்

இவையனைத்தும் பயிற்சி வகுப்பிற் கிடைப்பவை. வகுப்பில் நேரிற் பயிலாமல் இதைப் படித்துவிட்டு எவரும் துவக்கைத் தொடக்கூடாது. நான் வலியுறுத்த விரும்புவது வகுப்பில் கிடைக்காத ஒன்றை.

எமது பிள்ளைகளுக்கு நாம் ஊட்டி வளர்க்கும் நற்பண்பு, பெரியவர் சொல்லை மறுத்துப் பேசாமை. மாமா சொன்னால் சரி, ஐயா சொன்னால் சரி. இப்பண்பு போற்றத்தக்கதே. ஆனால் துவக்கின் முன்னே அது பிள்ளையைக் கொல்லக்கூடும். துவக்கை ஒருவர் நீட்டும்போது போல்ட் திறந்திருக்க வேண்டும். கொடுப்பவர் பார்த்திருந்தாலும் வாங்குபவர் மீண்டும் பார்க்க வேண்டும். பத்து விநாடிக்கு முன் பார்த்த துவக்காயினும் கைமாறினால் மறுபடி பார்க்க வேண்டும். "ஒருமுறை திறந்து காட்டுங்கள்" என்று கேட்பது அவமரியாதையன்று. நற்பயிற்சி பெற்ற வேட்டைக்காரர் அக்கேள்வியாற் கோபங்கொள்ளார். கோபங்கொள்பவரோடு எமது பிள்ளை வேட்டைக்குச் செல்ல வேண்டியதில்லை.

கணினித் துறையிலும் பொறியியலிலும் பணிபுரிவோர் இதை எளிதில் உணர்வர். மின்சுற்றைத் துண்டித்துவிட்டேன் என்று சக ஊழியர் சொன்னாலும், மானியால் அளந்து பார்க்காமல் எந்த மின்பொறியியலாளரும் கம்பியைத் தொடுவதில்லை. அவர் சக ஊழியரை அவமதிக்கவில்லை. மனிதர் மறக்கக்கூடியவர் என்பதை மதிக்கின்றார்.

பெற்றோருக்கும் ஒரு கடமை உண்டு. பிள்ளை இன்னொரு வீட்டில் இரவு தங்கப் போகும்போது உணவு ஒவ்வாமை பற்றித் தயங்காமற் சொல்கின்றோம். வீட்டில் நாய் உண்டா என்று கேட்கின்றோம். "உங்கள் வீட்டில் துவக்கு உள்ளதா, பூட்டி வைக்கப்பட்டுள்ளதா?" என்று கேட்க மட்டும் கூச்சப்படுகின்றோம். அக்கூச்சத்தைக் கைவிடுவோம். சிறு பிள்ளைகளுக்குச் சொல்லவேண்டியது சுருக்கமானது: துவக்கைக் கண்டால் நில், தொடாதே, அவ்விடத்தை விட்டு விலகு, பெரியவரிடம் சொல். விளையாட்டுத் துவக்குப் போல் தெரிந்தாலும் இதுவே விதி.

வளர்ந்த பிள்ளை களிமண் தட்டுச் சுடுதலிலோ வேட்டையிலோ ஆர்வம் காட்டினால், "அதெல்லாம் எங்களுக்கு வேண்டாம்" என்று கதவை மூடுவதால் ஆர்வம் மறையாது. எமக்குத் தெரியாமல் நடக்கும், அவ்வளவே. விரும்பினால் அனுமதியுங்கள், விரும்பாவிடின் காரணத்தைச் சொல்லி மறுத்துவிடுங்கள். எம்முடிவாயினும் அது பேசி எடுத்த முடிவாக இருக்கட்டும். அனுமதிப்பதாயின், பயிற்சி வகுப்புக்கு அவனோடோ அவளோடோ நீங்களும் சென்று அமருங்கள். போரின் நினைவோடு வந்த தலைமுறைக்கு அது எளிதன்று என்பதை அறிவேன். ஆயினும், துவக்கைக் கண்டு அஞ்சிய பெற்றோரும், அதனைத் திறந்து பார்க்கக் கற்ற பிள்ளையும் ஒரே மேசையில் இருந்து இதனைப் பேசத் தொடங்கும் நாளே எமது வீடுகள் பாதுகாப்படையும் நாளாகும்.