புறப்படாதவர் திரும்புவது எப்படி?

பெரம்பலூர், அரியலூர்ப் பகுதியில் வாழும் நமக்கு ஒரு வேடிக்கையான அனுபவம் உண்டு. 1995-இல் திருச்சிராப்பள்ளியிலிருந்து பிரிந்து பெரம்பலூர் மாவட்டத்தார் ஆனோம். 2001-இல் அரியலூர் தனி மாவட்டமாயிற்று. மறு ஆண்டே மீண்டும் பெரம்பலூருடன் சேர்க்கப்பட்டது. 2007-இல் மறுபடியும் பிரிந்தது. கோடு இத்தனை முறை நகர்ந்தபோதும் செந்துறைக்காரரையோ ஜெயங்கொண்டத்துக்காரரையோ பார்த்து, "நீ எந்த மாவட்டத்தில் பிறந்தாய், உன் தாய் எந்த மாவட்டத்திலிருந்து வந்தாள்" என்று எவரும் கேட்கவில்லை. நகர்ந்தது கோடுதான், மனிதர்கள் அல்லர் என்பது எல்லோருக்கும் விளங்கியிருந்தது.

இந்த எளிய நியாயம், பெரம்பலூர் துறைமங்கலத்தில் இருக்கும் இலங்கைத் தமிழர் முகாமின் வாசலில் நின்றுவிடுகிறது.

சென்ற மாதம் நம் மாணவி ஒருவர், இளங்கலைத் தமிழ் இறுதியாண்டு, போட்டித் தேர்வு விண்ணப்பம் ஒன்றோடு வந்தார். "ஐயா, குடியுரிமைன்னு இருக்கிற கட்டத்துல நான் என்ன எழுதணும்?" என்று கேட்டார். நாம் சற்றும் யோசியாமல், "இந்தியர்னு எழுதும்மா" என்றோம். அவர் எழுதவில்லை. தந்தை இந்த மாவட்டத்தின் கிராமம் ஒன்றில் பிறந்தவர். தாய் 1990-இல் ஆறு வயதுச் சிறுமியாகப் படகேறி வந்து முகாமில் வளர்ந்தவர். மாணவி பிறந்தது 2005-இல், பெரம்பலூரில். நாம் சொன்ன விடை தவறு என்பது பிறகு சட்டத்தைப் புரட்டியபோதுதான் தெரிந்தது. அந்த விடையை அவர் முன்னமே அறிந்திருந்தார். ஆசிரியர்களாகிய நாம்தாம் அறிந்திருக்கவில்லை.

1955-ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் பெருந்தன்மையோடு பிறந்தது. 1950 ஜனவரி 26-ஆம் நாளிலிருந்து இம்மண்ணில் பிறந்தவர், அயல்நாட்டுத் தூதரின் பிள்ளைகள் போன்ற சில விலக்குகள் நீங்கலாக, இந்தியக் குடிமகன். பெற்றோர் யார் என்று அது கேட்கவில்லை. 1986-இல் அதைத் திருத்தினார்கள். 1987 ஜூலை 1 முதல் பிறக்கும் குழந்தைக்குப் பெற்றோரில் ஒருவராவது இந்தியராக இருக்க வேண்டும் என்றார்கள். 2003-இல் மீண்டும் திருத்தினார்கள். 2004 டிசம்பர் 3 முதல், ஒருவர் இந்தியராக இருந்தால் போதாது, மற்றவர் 'சட்டவிரோதக் குடியேறி'யாக இருக்கவும் கூடாது. உரிய பயண ஆவணமின்றி நுழைந்த அயல்நாட்டவர் இச்சட்டத்தின் கண்ணில் சட்டவிரோதக் குடியேறி. குண்டுவீச்சுக்குத் தப்பி இருட்டில் படகேறிய ஆறு வயதுச் சிறுமி எந்த அலுவலகத்தில் வரிசையில் நின்று கடவுச்சீட்டு வாங்கியிருப்பாள்?

நம் மாணவி 2004 நவம்பரில் பிறந்திருந்தால் தந்தைவழியில் இந்தியர். 2005-இல் பிறந்ததால் பிறப்புரிமை போயிற்று. சில மாதங்கள் முந்திப் பிறக்காததுதான் அவர் செய்த குற்றம். 1987 ஜூலைக்கு முன் மண்டபம் முகாமில் பிறந்த ஒரு பெண்ணுக்கு இந்தியக் கடவுச்சீட்டு வழங்க 2022 ஆகஸ்டில் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை உத்தரவிட்டது. சட்டப்படி பிறந்த நாளிலேயே அவருக்கு உரியதாகிவிட்ட ஒன்றைப் பெற முப்பத்தைந்து ஆண்டுகளுக்கு மேலாயிற்று. அதற்கும் ஒரு நீதிமன்றம் தேவைப்பட்டது.

இவர்களை 'அயலார்' என்று சொல்லும்போது நம் ஊர் வரலாற்றையும் மறந்துவிடுகிறோம். பழைய திருச்சிராப்பள்ளி மாவட்டத்திலிருந்து பஞ்சத்துக்குத் தப்பி இலங்கையின் காப்பி, தேயிலைத் தோட்டங்களுக்குப் போனவர்கள் ஏராளம். அவர்களின் வழிவந்தோரை 1948-இல் இலங்கையின் குடியுரிமைச் சட்டம் நாடற்றவர் ஆக்கியது. 1964-இல் சிறிமாவோவும் சாஸ்திரியும் 9,75,000 பேரைக் கணக்குப் போட்டார்கள்: 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மீதி 1,50,000 பேர் பிறகு பார்த்துக்கொள்ளலாம். அந்த மீதியை 1974-இல் ஆளுக்குப் பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். களத்துமேட்டில் நெல்லைப் பங்கிடுவதுபோல் மனிதர்களைப் பங்கிட்டார்கள். அப்படிப் பங்கிடப்பட்ட மலையகத் தமிழரின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் இன்று நம் முகாம்களில் கணிசமாக இருக்கிறார்கள். பாட்டன் ஊருக்கு வந்து சேர்ந்தவரைத்தான் நாம் குடியேறி என்கிறோம்.

2019 செப்டம்பரில் ஐக்கிய நாடுகள் பொது அவையில் நம் பிரதமர் கணியன் பூங்குன்றனாரின் பாட்டை எடுத்துச் சொன்னார். நாம் மகிழ்ந்தோம். அதே ஆண்டு டிசம்பரில் வந்த திருத்தம், பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தானிலிருந்து 2014 முடிவதற்குள் வந்த ஆறு சமயத்தாரைச் சட்டவிரோதக் குடியேறி என்ற பெயரிலிருந்து விடுவித்தது. இலங்கை அப்பட்டியலில் இல்லை. பட்டியலில் இலங்கையையும் சேருங்கள் என்று கேட்பதோடு நாம் நின்றுவிட மாட்டோம். அகதியின் சமயத்தைக் கேட்டு வாசல் திறக்கும் முறையே பிழை. இலங்கையைச் சேர்த்தாலும் யாழ்ப்பாணத்து முஸ்லிமுக்கு அந்தக் கதவு திறக்காது.

2021 ஆகஸ்டில் தமிழக அரசு அகதிகள் முகாமை 'மறுவாழ்வு முகாம்' என்று பெயர் மாற்றி, புதிய வீடுகளையும் அறிவித்தது. முகாம்களில் 58,822 பேர் வாழ்வதாக அப்போது சட்டப்பேரவையில் சொல்லப்பட்டது. பெயர் மாற்றமும் வீடும் நல்லவையே. ஆனால் குடியுரிமை மத்திய அரசின் கையில் இருக்கிறது. 2025 செப்டம்பரில் நடைமுறைக்கு வந்த குடிவரவுச் சட்டத்தை ஒட்டிய ஆணை, 2015 ஜனவரி 9 வரை வந்து பதிவு செய்துகொண்ட இலங்கைத் தமிழரை ஆவணமின்மைக்கான தண்டனையிலிருந்து விலக்கியது. குடியுரிமைக்கான வழியை அவ்வாணை தரவில்லை. தண்டிக்க மாட்டோம் என்பது சலுகை. நீ எம்மவர் என்பதுதான் உரிமை.

இங்கே நம் நண்பர்கள் சிலர் ஒரு தடை எழுப்புவார்கள்: இந்தியக் குடியுரிமை கொடுத்தால் ஈழத்தில் தமிழரின் எண்ணிக்கை குறையும், அவர்கள் திரும்பிப் போவதே நல்லது என்பார்கள். நல்லெண்ணத்தில் சொல்வதுதான். ஆனால் ஓர் அரசியல் கணக்குக்காக இன்னொருவர் வாழ்நாள் முழுதும் கட்டத்தைக் காலியாக விட வேண்டும் என்று கேட்க நமக்கு என்ன உரிமை? போக விரும்புவோர் போகட்டும்; அதற்கு வழி செய்வோம். நம் மாணவியோ இலங்கையைக் கண்ணால் கண்டதில்லை. புறப்படாதவர் திரும்புவது எப்படி?

ஆண்டுதோறும் ஆடித் திருவாதிரையில் கங்கைகொண்ட சோழபுரத்தில் கூடி, கடல் கடந்து ஈழத்தை வென்ற இராசேந்திரனைப் போற்றுகிறோம். படையோடு கடல் கடந்தவரின் புகழைப் பாடும் நாம், துணிமூட்டையோடு கடல் கடந்து வந்தவரின் உரிமையைப் பேசத் தயங்குகிறோம். புலம்பெயர் இலக்கியத்துக்குச் சிறப்பிதழ் போடுகிறோம். டொரன்டோவிலிருந்தும் பாரிசிலிருந்தும் கதை கேட்டு வாங்குகிறோம். துறைமங்கலத்துக்குப் பேருந்தில் சில நிமிடங்கள்தாம்.

நாம் கேட்பது இரக்கம் அன்று. மூன்று சிறு திருத்தங்கள். பதிவு பெற்ற அகதியைச் சட்டவிரோதக் குடியேறி என்ற சொல்லிலிருந்து, சமயம் கேளாமல், விலக்குங்கள். பெற்றோரில் ஒருவர் இந்தியராயின் பிள்ளையும் இந்தியர் என்ற பழைய விதியை மீட்டுத் தாருங்கள். முகாமிலேயே பிறந்து வளர்ந்தவர் விரும்பி விண்ணப்பித்தால் குடிமகனாகப் பதிவு செய்யுங்கள். மூன்றையும் நாடாளுமன்றம் ஓர் அமர்வில் செய்துவிடலாம். அதைச் செய்யும்படி நம் தொகுதி உறுப்பினர்களுக்கு எழுதுவதும், நம் இதழ்களில் ஓயாமல் எழுதுவதும் தமிழ் படித்தவர்களின் கடமை.

அந்த விண்ணப்பத்துக்குரிய கடைசி நாள் போன வாரம் முடிந்துவிட்டது. அடுத்த அறிவிப்பு வரும்போது அம்மாணவி மீண்டும் வந்து அதே கேள்வியைக் கேட்பார். அப்போது நாம் சொல்லும் விடை சரியாக இருக்க வேண்டும்.