கணக்கு யார் வீட்டுச் சொத்து?

"சிலருக்குக் கணக்கு வரும், சிலருக்கு வராது, அது பிறவியிலேயே அமைந்த புத்தி" என்று சொல்லுகிறவர்கள் உலகமெங்கும் இருக்கிறார்கள். இங்கே அதற்கு ஜாதியைக் காட்டுவார்கள். அமெரிக்காவில் தோலின் நிறத்தைக் காட்டுவார்கள். இந்தப் பேச்சை எதிர்ப்பேச்சால் மறுக்காமல், மாணாக்கரோடு கூட இருந்து பார்த்து மறுத்த ஒரு கணக்குப் புரொபஸரைப் பற்றி நம் வாசகர்கள் அறியவேண்டும். அவர் பெயர் யூரி ட்ரீஸ்மன்.

1970-களின் நடுவில் அவர் கலிபோர்னியாவில் பெர்க்கிலி சர்வகலாசாலையில் மேல்படிப்புப் படித்துக்கொண்டிருந்தார். அங்கே முதல் வருஷக் கால்குலஸ் வகுப்பில் கறுப்பு மாணாக்கர் மிகப் பலர் தோற்றுக்கொண்டிருந்தார்கள். அந்த வகுப்பைத் தாண்டாதவன் என்ஜினீயராவது ஏது? சீனக் குடும்பத்துப் பிள்ளைகளோ அதே வகுப்பில் நன்றாகத் தேறினார்கள். காரணமென்ன என்று உபாத்தியாயர்களைக் கேட்டார். ஊக்கமில்லை, முன்படிப்புப் போதாது, தாய் தகப்பனுக்குப் படிப்பில் அக்கறையில்லை, வறுமை என்று நான்கு பதில்கள் வந்தன. தோழர்களே! இந்த நான்கில் ஒன்றிலாவது, தங்கள் போதனையில் கோளாறு இருக்கலாமென்கிற சந்தேகம் உண்டா என்று பாருங்கள்.

ட்ரீஸ்மன் அந்தப் பதில்களை நம்பிவிடவில்லை. கறுப்பு மாணாக்கர் 20 பேர், சீன மாணாக்கர் 20 பேர். அவர்கள் எங்கே, எப்படிப் படிக்கிறார்கள் என்று மாதக் கணக்கில் கூடவே இருந்து பார்த்தார். நான்கு காரணங்களும் பொய்த்துப் போயின. கறுப்புப் பிள்ளைகளில் பலர் தங்கள் பள்ளிக்கூடத்தில் முதலாவதாக வந்தவர்கள். காலேஜுக்கு அனுப்பவே பெற்றோர் பாடுபட்டிருந்தார்கள். எல்லோரும் ஏழைகளுமல்ல.

பின் வித்தியாசம் எங்கே? வகுப்பு ஒரு மணி என்றால் வீட்டில் இரண்டு மணி படி என்பது காலேஜ் சொன்ன விதி. கறுப்பு மாணாக்கர் அதை அப்படியே கடைப்பிடித்து, வாரம் 8 மணி நேரம் அறையில் தனியே உட்கார்ந்து படித்தார்கள். 20 பேரில் 18 பேர் வகுப்புத் தோழன் ஒருவனோடும் சேர்ந்து படித்ததேயில்லை. சீனப் பிள்ளைகள் தனியே படித்த பிறகு கூடி உட்கார்ந்து விடைகளை ஒத்துப் பார்த்தார்கள். ஆக வாரம் சுமார் 14 மணி. ஒரு கணக்கு ஒருவருக்குமே வரவில்லையென்றால், கணக்கு கடினமென்று அவர்களுக்குத் தெரிந்துவிடும். தனியே இருப்பவனுக்கோ தன் மண்டைதான் மண்ணென்று தோன்றும். தானாகப் படித்தவனுக்கே இந்தக் கஷ்டம் தெரியும். நாமே ஒரு பின்னக் கணக்கோடு மூன்று நாள் மல்லாடி நம் புத்தியை நொந்துகொண்டோம். கடைசியில் பார்த்தால் புஸ்தகத்தில் அச்சுப் பிழை!

நோய் தெரிந்தபின் அவர் செய்த வைத்தியம் இன்னும் முக்கியமானது. "பின்தங்கியவர்களுக்கு உதவி வகுப்பு" என்று காலேஜில் ஏற்கெனவே நடந்துகொண்டுதான் இருந்தது. பள்ளியில் முதல்வனாக வந்தவன், "நீ மக்கு, இங்கே வா" என்று எழுதிய பலகைக்குக் கீழே போய் உட்காருவானா? ட்ரீஸ்மன் 1978-இல் அதற்கு நேர்மாறாகச் செய்தார். "நீங்கள் கெட்டிக்காரர்கள், மற்றவர்களுக்குக் கொடுப்பதைவிடக் கடினமான கணக்குகளைச் செய்ய வாருங்கள்" என்று அழைத்து, கூட்டங்கூட்டமாக உட்காரவைத்து, அப்படிப்பட்ட கணக்குகளையே கொடுத்தார். இரக்கத்தைக் கொடுக்கவில்லை, வேலையைக் கொடுத்தார்.

பலன்? காலேஜில் சேருமுன் எழுதும் கணக்குப் பரீக்ஷையில் 800-க்கு 600-க்குச் சற்று மேல் வாங்கி வந்த கறுப்பு மாணாக்கர், அதில் 750-ஐ ஒட்டி வாங்கியிருந்த வெள்ளையருக்குச் சமமாகக் கால்குலஸில் தேறினார்கள். வகுப்பும் அதே வகுப்பு, பரீக்ஷையும் அதே பரீக்ஷை. அப்படியானால் அந்த முந்தின மார்க்கு எதை அளந்தது? "தகுதி, திறமை" என்று ஓயாமல் கூவுகிறவர்கள் இதற்குப் பதில் சொல்லட்டும்.

ட்ரீஸ்மன் பின்னர் டெக்ஸாஸ் சர்வகலாசாலையில் புரொபஸராகி, ஆஸ்டின் நகரில் டானா நிலையத்தை ஏற்படுத்தினார். 1992-இல் மக்கார்தர் பரிசு அவருக்குக் கிடைத்தது. அவருடைய முறையை வேறு பல காலேஜுகளும் எடுத்துக்கொண்டன. பிறவிப் புத்தி பேசுகிற பண்டிதர்களை நாம் கேட்பது ஒன்றே: தோற்ற பிள்ளை எங்கே உட்கார்ந்து, யாரோடு படித்தான் என்று ஒரு நாளாவது போய்ப் பார்த்ததுண்டா?