நதிமூலம் பார்க்கலாம்!

(இளங்கலை வரலாறு, மூன்றாம் ஆண்டு)

'நதிமூலமும் ரிஷிமூலமும் பார்க்கக் கூடாது' என்பது பெரியோர் வாக்கு. மூலத்தைத் தேடிப் போனால் பெருமை குறைந்துவிடும் என்ற அச்சம் அதில் இருக்கிறது. ஆனால், கடல் கடந்த நாடுகளில் ஒரு மக்கள் கூட்டம் தலைமுறை தலைமுறையாகத் தம் மூலத்தைத் தேடிக்கொண்டே இருக்கிறது. அமெரிக்கா, கனடா, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து ஆகிய நாடுகளில் வாழும் அயர்லாந்து, ஸ்காட்லாந்து வழியினரே அவர்கள். தம் பாட்டனாரின் பாட்டனார் எந்தச் சிற்றூரில் பிறந்தார், எந்தக் கப்பலில் ஏறினார், ஏன் ஏறினார் என்று பழைய பதிவேடுகளைப் புரட்டுகிறார்கள். விடுமுறை கிடைத்தால் அந்தச் சிற்றூருக்கே போய், இடிந்து கிடக்கும் சுவரின் முன் நின்றுவிட்டு வருகிறார்கள்.

இது பணம் படைத்தோரின் பொழுதுபோக்கு என்பார் உண்டு. குலப்பெருமை பேசவே இது உதவும் என்பாரும் உண்டு. குலப்பெருமையால் விளைந்த கேடுகளைக் கண்ணாரக் கண்டுவரும் நமக்கு இந்த ஐயம் எழுவது இயல்பே. எனினும் இத்தேடலை அடியோடு தள்ளிவிடக் கூடாது என்பது என் கருத்து. நேர்மையாகச் செய்தால், குலப்பெருமையைக் கரைப்பதற்கு இதைவிடச் சிறந்த மருந்து இல்லை.

ஏன் போனார்கள்?

1841-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி அயர்லாந்தின் மக்கள்தொகை ஏறத்தாழ 81 லட்சத்து 75 ஆயிரம். அவர்களுள் ஏழைக் குத்தகையாளரும் கூலிகளும் உருளைக்கிழங்கையே நம்பி உயிர் வாழ்ந்தனர். 1845-இல் அப்பயிரை ஒரு கருகல் நோய் தாக்கியது. அடுத்தடுத்த ஆண்டுகளிலும் தாக்கியது. மக்கள் பட்டினியால் மடிந்தபோதும் அந்நாட்டுத் துறைமுகங்களிலிருந்து தானியமும் கால்நடைகளும் ஏற்றுமதியாகிக்கொண்டுதான் இருந்தன. 1852 வரை நீடித்த அப்பெரும் பஞ்சத்தில் சுமார் 10 லட்சம் பேர் இறந்தனர். 10 லட்சத்துக்கும் மேற்பட்டோர் நாட்டைவிட்டு வெளியேறினர். 1851-இல் எஞ்சியோர் 65½ லட்சம் பேரே. அயர்லாந்துத் தீவின் வடக்கையும் தெற்கையும் சேர்த்துக் கணக்கிட்டாலும் 1841-இன் எண்ணிக்கையை அத்தீவு இன்றுவரை மீண்டும் எட்டவில்லை!

கப்பலேறியவர்கள் எல்லாரும் கரை சேர்ந்தார்களா? கனடாவின் கியூபெக் நகருக்கு அருகே, செயின்ட் லாரன்ஸ் ஆற்றில் குரோஸ் ஈல் என்றொரு தீவு உண்டு. நோய் கண்டவர்களைத் தனியே நிறுத்திவைக்கும் இடம் அது. 1847 என்ற ஒரே ஆண்டில் அங்குப் புதைக்கப்பட்டவர்கள் 5,000 பேருக்கு மேல். பெற்றோரை இழந்த குழந்தைகளில் பலரைப் பிரெஞ்சு பேசும் குடும்பங்கள் எடுத்து வளர்த்தன. அவர்களுள் சிலர் தம் அயர்லாந்துக் குடும்பப் பெயரை விடாமல் வைத்துக்கொண்டனர். அந்தப் பெயர் ஒன்றுதான் அவர்களின் சந்ததியினர் கையில் இருந்த நூல்.

ஸ்காட்லாந்தின் கதை வேறு. அங்கே வடக்கு மலைநாட்டில், ஆடு வளர்ப்பில் வருவாய் மிகுதி என்று கண்ட நிலக்கிழார்கள், பல தலைமுறைகளாக வாழ்ந்த குடிகளை வெளியேற்றினர். சதர்லாந்துப் பகுதியில், ஸ்டிராத்நேவர் பள்ளத்தாக்கில் 1814-இலும் 1819-இலும் வீடுகள் காலி செய்யப்பட்டுத் தீக்கிரையாயின. அந்தப் பண்ணையின் காரியக்காரராக இருந்த பாட்ரிக் செல்லர் 1816-இல் இன்வர்னெஸ் நகரில் விசாரிக்கப்பட்டு, குற்றமற்றவர் என விடுவிக்கப்பட்டார். காலியான நிலத்தில் ஆடு வளர்க்கக் குத்தகை எடுத்தவரும் அவரே!

ஆயினும் ஸ்காட்லாந்திலிருந்து போனவர் எல்லாரும் துரத்தப்பட்டவர் அல்லர். 1773-இல் 'ஹெக்டர்' என்னும் கப்பல் மலைநாட்டினரை ஏற்றிக்கொண்டு நோவா ஸ்கோஷியாவின் பிக்டோ துறையை அடைந்தது. இது ஸ்டிராத்நேவர் எரிந்ததற்கு நாற்பது ஆண்டுகள் முந்தியது. உயர்ந்துகொண்டே போன குத்தகைக்கு அஞ்சியும், சொந்த நிலம் கிடைக்கும் என்ற ஆசையாலும் போனவர்கள் உண்டு. தெற்குச் சமவெளியிலிருந்து கைத்தொழில் கற்றவர்கள் நல்ல கூலி தேடிப் போனார்கள். எல்லார் பாட்டனாரையும் கண்ணீர்க் கதையிலேயே அடைத்துவிடுவது வரலாறு ஆகாது.

எரிந்த ஏடுகளும் எஞ்சிய ஏடுகளும்

அயர்லாந்தில் மூதாதையரைத் தேடுவோர் வந்து முட்டிக்கொள்ளும் சுவர் ஒன்று உண்டு. 1922 ஜூன் 30 அன்று, உள்நாட்டுப் போரில், டப்ளின் நகரின் 'ஃபோர் கோர்ட்ஸ்' வளாகத்திலிருந்த பொது ஆவணக் களரி வெடித்து எரிந்தது. 1821 முதல் 1851 வரையிலான நான்கு கணக்கெடுப்புகளின் ஏடுகள், சில துண்டுகள் தவிர, அங்கே சாம்பலாயின. பழிமுழுவதையும் போரின் மேல் போட்டுவிடவும் முடியாது. 1861, 1871 ஆண்டுகளின் ஏடுகளை அரசே அழித்தது. 1881, 1891 ஆண்டுகளின் ஏடுகள் முதல் உலகப்போர்க் காலத்தில் காகிதக் கூழாக்கப்பட்டன. நெருப்பு ஒரு நாளில் செய்ததை அலுவலகத்தின் அலட்சியம் ஓசையின்றிச் செய்து முடித்தது. முழுமையாக எஞ்சியவற்றுள் பழையவை 1901, 1911 ஆண்டுகளின் ஏடுகளே.

அப்படியானால் பஞ்சகாலத்து ஏழையை எப்படிக் கண்டுபிடிப்பது? வரி கைகொடுக்கிறது! ரிச்சர்டு கிரிஃபித் என்பவர் தலைமையில் 1847 முதல் 1864 வரை அயர்லாந்தின் நிலமும் வீடும் மதிப்பிடப்பட்டன. எந்தச் சிற்றூரில் எந்தத் துண்டு நிலம் யாருடையது, யார் அனுபவத்தில் உள்ளது, மதிப்பு என்ன என்று அதில் காணலாம். ஆனால் குடித்தலைவரின் பெயர்தான் இருக்கும். மனைவி மக்களைத் தேட வேண்டுமானால் மாதாகோயிலின் ஞானஸ்நான, திருமணப் பதிவேடுகளைத்தான் நாட வேண்டும்.

ஸ்காட்லாந்து இவ்வகையில் கொடுத்து வைத்தது. 1855-இல் பிறப்பு, இறப்பு, திருமணப் பதிவு அங்கே கட்டாயமாயிற்று. இறந்தவரின் தந்தை பெயரோடு, தாயின் பிறந்த வீட்டுக் குடும்பப் பெயரும் எழுதப்பட்டது. வரலாற்றில் எளிதில் மறைந்துபோகிறவள் பெண். அவளை மறையவிடாமல் காத்தது இந்தச் சின்னஞ்சிறு விதி. ஓர் எழுத்தர் நிரப்பும் ஒரு கட்டத்துக்கு இவ்வளவு ஆற்றலா என்று வியக்கிறோம்!

ஆனி மூரின் கல்லறை

நேர்மையான தேடல் எப்படி இருக்க வேண்டும் என்பதற்கு ஒரு சான்று சொல்கிறேன். 1892 ஜனவரி 1 அன்று நியூயார்க் துறைமுகத்தில் எல்லிஸ் தீவுக் குடியேற்ற நிலையம் திறக்கப்பட்டது. அதில் முதலில் பதிவு செய்யப்பட்டவள், அயர்லாந்தின் கார்க் பகுதியிலிருந்து தம்பியர் இருவருடன் வந்த ஆனி மூர் என்ற இளம்பெண். அவள் மேற்கே டெக்சாஸ் மாநிலத்துக்குச் சென்று வாழ்ந்தாள் என்று நெடுங்காலம் நம்பப்பட்டது. 2006-இல் மெகன் ஸ்மோலென்யாக் என்ற ஆய்வாளர் ஆவணங்களை ஒப்பிட்டுப் பார்த்தார். டெக்சாஸ் ஆனி மூர் அமெரிக்காவிலேயே, இல்லினாய் மாநிலத்தில் பிறந்தவர்! உண்மையான ஆனி நியூயார்க்கை விட்டு எங்கும் போகவில்லை. ஏழைகள் நெருங்கி வாழ்ந்த பகுதியிலேயே குடித்தனம் நடத்தி, பெற்ற பிள்ளைகளில் பலரைப் பறிகொடுத்து, 1924-இல் இறந்தார். அவர் கல்லறையில் பெயர்கூட இல்லை. 2008-இல்தான் கல் நாட்டப்பட்டது.

எது அழகான கதை? மேற்கே சென்ற கதைதான். எது மெய்? பெயரில்லாத கல்லறைதான். இந்த இரண்டில் எதைத் தேர்ந்தெடுக்கிறோம் என்பதில்தான் தேடலின் மதிப்பு இருக்கிறது.

இதற்கு மாறாக, பெயரைச் சொன்னால் 'குடும்பச் சின்னம்' அச்சடித்துத் தரும் கடைகள் உண்டு. ஸ்காட்லாந்துச் சட்டப்படி அத்தகைய சின்னம் தனியொருவருக்கு உரியது. ஒரே பெயருடைய எல்லாருக்கும் உரியதன்று. குலத்துக்கொரு கட்டம் போட்ட துணி என்பதும் பெரும்பாலும் 19-ஆம் நூற்றாண்டில் வகுக்கப்பட்ட வழக்கமே. இன்று மரபணுச் சோதனை செய்து, 'நீங்கள் இத்தனை விழுக்காடு அயர்லாந்தினர்' என்று சொல்லும் நிறுவனங்களும் வந்துவிட்டன. உறவினரைக் கண்டறிய அச்சோதனை உதவும், உண்மைதான். ஆனால், பாட்டி எந்தப் பள்ளத்தாக்கிலிருந்து, எந்தக் கடனுக்கு அஞ்சிக் கப்பலேறினாள் என்பதை விழுக்காடு சொல்லுமா?

கணக்கின் மறுபக்கம்

ஏட்டைத் திறந்தால் நமக்குப் பிடித்த பக்கத்தில் மட்டும் நிறுத்திவிட முடியாது. நிலம் இழந்து போன ஸ்காட்லாந்துக் குடிகள் கனடாவில் பெற்ற நிலம் யாருடையது? அங்கே முன்பே வாழ்ந்த பழங்குடிகளுடையது. பிரிட்டிஷ் பேரரசில் அடிமை முறையை ஒழிக்க 1833-இல் சட்டம் வந்தபோது, 2 கோடி பவுன் இழப்பீடு அடிமைகளுக்குத் தரப்படவில்லை. அவர்களை உடைமையாக வைத்திருந்தோருக்குத் தரப்பட்டது. பெற்றோர் பட்டியலில் ஸ்காட்லாந்துப் பெயர்கள் நிறைய உண்டு.

நம்மைத் தொடும் இழை ஒன்றும் இதில் இருக்கிறது. ஸ்காட்லாந்தின் கின்கார்டின்ஷயரில் பிறந்த ஜேம்ஸ் டெய்லர் 1852-இல் இலங்கை சென்றார். 1867-இல் லூல்கந்துரவில் தேயிலை பயிரிட்டார். இலங்கைத் தேயிலையின் தந்தை என்று அவரைப் போற்றுகிறார்கள். அவர் வாழ்க்கையை எழுத ஏடுகள் உள்ளன, கடிதங்கள் உள்ளன. அந்நாளில் தமிழ் மாவட்டங்களிலிருந்து நடந்தும் தோணியேறியும் போய், அம்மலைநாட்டுத் தோட்டங்களில் உழைத்தவர்களின் பேரப்பிள்ளைகள் தம் பாட்டனாரைத் தேடினால் எத்தனை ஏடு கிடைக்கும்? புலம்பெயர்ந்தவர் எல்லாரும் ஒரே கப்பலில் போகவில்லை என்பதை இது உணர்த்துகிறது.

இருள் மட்டுமே என்றும் சொல்வதற்கில்லை. 1847-இல் அயர்லாந்துப் பஞ்சத்துக்கு நிதி அனுப்பியவர்களுள் அமெரிக்காவின் சோக்டா பழங்குடியினரும் இருந்தனர். சில ஆண்டுகளுக்கு முன்புதான் அவர்களே தம் தாய்நிலத்திலிருந்து விரட்டப்பட்டிருந்தனர். அயர்லாந்தினர் அதை மறக்கவில்லை. கார்க் மாவட்டத்தின் மிடில்டனில் அவர்களுக்கு ஒரு நினைவுச் சிற்பம் நிற்கிறது.

ஆகவே, மூலத்தைத் தேடுவதில் குற்றமில்லை. மன்னர் பரம்பரையைக் கண்டெடுக்கும் ஆசையோடு தேடுவதுதான் குற்றம். பத்துத் தலைமுறை பின்னோக்கிப் போனால் நமக்கு 1,024 முன்னோர் இடங்கள் உண்டு. அத்தனை இடத்திலும் பிரபுக்களே அமர்ந்திருக்க முடியுமா? குத்தகை கொடுக்க முடியாதவர், கைநாட்டு வைத்தவர், பெயரில்லாத கல்லறைக்குச் சொந்தக்காரர், சில வேளை பிறர் நிலத்தைப் பறித்தவர் என எல்லாரும் அங்கே இருப்பார்கள். அவர்களை மெய்யாகவே ஏற்றுக்கொள்ளும் நெஞ்சம் எவரையும் தாழ்வாகப் பார்க்காது.

வரலாறு பயிலும் நண்பர்களுக்கு இறுதியாக ஒரு சொல். ஏடு எரிவதற்குப் போர் வேண்டியதில்லை. கறையானும் அலட்சியமும் போதும். எந்த அலுவலகத்திலேனும் பழைய பதிவேட்டைக் குப்பை என்று யாரேனும் கழிக்கப் பார்த்தால், தடுத்து நிறுத்துங்கள். அதில் யாரோ ஒருவருடைய பாட்டி இருக்கிறாள்!