கதை முடிந்தபின் கலைத்து அடுக்குவது

கணினி விளையாட்டுகளைப் பற்றி இங்கே எழுதுவதைச் சில நண்பர்கள் விரும்பமாட்டார்கள் என்பதை அறிவேன். நாவலும் கவிதையும் பேசுகிற இடத்தில் இதற்கு என்ன வேலை என்று கேட்பார்கள். ‘பாத்திரம்’ என்ற சொல்லை நாள்தோறும் வகுப்பறையில் சொல்லிப் பிழைப்பவன் நான். ஒரு பாத்திரம் எதனால் பாத்திரமாகிறது என்ற கேள்வி எங்கிருந்து எழுந்தாலும் அது என் கேள்விதான். இம்முறை அது என் மகளின் கணினித் திரையிலிருந்து எழுந்தது.

பன்னிரண்டாம் வகுப்புத் தேர்வு முடிந்த விடுமுறையில் அவள் ‘ஸ்கைரிம்’ ஆடிக்கொண்டிருந்தாள். 2011-இல் பெதஸ்டா வெளியிட்ட விளையாட்டு. இன்றும் விடாமல் ஆடுகிறவர்கள் இருக்கிறார்கள். இவ்வகை விளையாட்டுகளின் அடிப்படை எளியது. நாம் ஒரு பாத்திரத்தை ஏற்கிறோம். அது ஒரு படிநிலை உயரும்போதெல்லாம் நமக்கு ஒரு புள்ளி கிடைக்கிறது. அதை வில்வித்தையில் இடுவதா, வாட்போரில் இடுவதா, மந்திரத்தில் இடுவதா என்பது நம் முடிவு. ஸ்கைரிமில் 18 திறன்கள். ஒவ்வொன்றும் வானில் ஒரு விண்மீன் கூட்டமாக வரையப்பட்டிருக்கும். ஒரு புள்ளியை இட்டால் ஒரு விண்மீன் ஒளிரும். ஒளிரச் செய்யக்கூடியவை மொத்தம் ஏறத்தாழ 250. விளையாட்டு வெளிவந்தபோது ஒருவர் எட்டக்கூடிய உச்சமோ 81-ஆம் படிநிலைதான். ஆக, வானத்தின் பெரும்பகுதி இருண்டே கிடக்கும். எதை இருளில் விட்டோம் என்பதும் சேர்ந்தே அந்தப் பாத்திரத்தைத் தீர்மானித்தது.

என் மகளின் பாத்திரம் வில்லேந்திப் பதுங்கிச் செல்லும் திருடி. (இந்த விளையாட்டை எப்படித் தொடங்கினாலும் பலர் இறுதியில் அங்குதான் வந்து சேர்கிறார்கள் என்பது ஆடுபவர்களிடையே பழைய நகைச்சுவை.) ஆல்டுயின் என்ற டிராகன் வீழ்ந்து தலைமைக் கதை முடிந்துவிட்டது. 2012 இறுதியில் வந்த ‘டிராகன்பார்ன்’ என்ற கூடுதல் பகுதியில் மிராக் என்பவனின் கதையும் முடிந்துவிட்டது. அதற்குப் பிறகுதான் ஒரு வசதி கிடைக்கிறது. ‘விழிப்புக் கனவுகள்’ என்ற பொருளில் பெயர்கொண்ட கருப்பு நூலை மீண்டும் திறந்தால், அறிவுக்கு அதிபதியான ஹெர்மேயஸ் மோராவின் உலகத்துக்குள், முடிவற்ற ஒரு நூலகத்துக்குள், போகலாம். அங்கே ஒரு டிராகனின் ஆன்மாவை விலையாகக் கொடுத்தால், ஏதேனும் ஒரு திறனில் இட்ட புள்ளிகள் அனைத்தும் திரும்பக் கைக்கு வரும். கலைத்துவிட்டு வேறு விதமாக அடுக்கிக்கொள்ளலாம்.

அந்த நூலின் முன்னால் அவள் வெகுநேரம் தயங்கிக்கொண்டிருந்தாள். “கதைதான் முடிஞ்சுபோச்சே, இனிமே மாத்தி என்ன பண்ணப்போற?” என்று கேட்டேன்.

“முடிஞ்சதாலதாம்ப்பா மாத்தணும்” என்றாள்.

விளையாட்டுப் பேச்சாகத்தான் சொன்னாள். எனக்கு அது பல நாள் மனத்தில் கிடந்தது.

அதுவரை என் கருத்து வேறாக இருந்தது. தேர்வுகளைத் திரும்பப் பெற முடியுமென்றால் அவை தேர்வுகளே அல்ல என்று நினைத்தவன் நான். நாவலின் நடுவில் ஒரு பாத்திரம் தன் இயல்பைக் கழற்றி வைத்துவிட்டு வேறொன்றை மாட்டிக்கொண்டால் அந்த நாவலை மூடி வைத்துவிட மாட்டோமா? இந்தக் கருத்துக்கு ஓர் அனுபவமும் பின்னணியாக இருந்தது.

முதுகலை படித்த காலத்தில் விடுதி நண்பன் ஒருவனின் கணினியில் ‘டியாப்லோ 2’ ஆடியிருக்கிறேன். 2000-இல் வந்த விளையாட்டு. இட்ட புள்ளி இட்டதுதான். நான் ஒரு சூனியக்காரியை ஏற்று, புள்ளிகளை எல்லாம் நெருப்பு மந்திரத்திலேயே கொட்டினேன். முதல் சுற்றில் எதிர்ப்பட்டதெல்லாம் சாம்பலாயிற்று. ‘நரகம்’ என்று பெயரிடப்பட்ட மூன்றாம் சுற்றில் நெருப்பால் துளியும் பாதிக்கப்படாத பகைவர்கள் வந்தார்கள். என் பாத்திரம் கை பிசைந்துகொண்டு நின்றது. ஒரே வழி, முதல் படியிலிருந்து புதிய பாத்திரமாகத் தொடங்குவது. அந்தப் பருவம் முழுதும் இரவுகளைத் தின்ற பாத்திரம் அது. அந்தத் தோல்வியை ஏதோ காவியத் துயரமாக நான் பெருமையோடு சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

இப்போது யோசித்தால், அந்தக் கண்டிப்பு எங்களைத் துணிவுள்ளவர்களாக ஆக்கவில்லை என்றே தோன்றுகிறது. 30-ஆம் படிநிலையில் திறக்கும் உயர்ந்த திறன்களுக்காக, கிடைத்த புள்ளிகளை இடாமல் கஞ்சத்தனமாகச் சேர்த்துவைத்தவர்கள் உண்டு. நானே அடுத்த பாத்திரத்தை அப்படித்தான் வளர்த்தேன். அனுபவசாலிகள் எழுதிவைத்த அட்டவணைகளைப் பார்த்து அப்படியே புள்ளியிட்டவர்கள் இன்னும் பலர். பிழைக்கு மீட்சியில்லை என்றால் மனிதர்கள் சொந்தமாகத் தேர்ந்தெடுப்பதை நிறுத்திவிடுகிறார்கள். பிறர் தேர்ந்ததை நகலெடுக்கிறார்கள். நோட்ஸை மட்டும் படித்துத் தேர்வெழுதும் மாணவர்களை ஆண்டுதோறும் பார்க்கிற எனக்கு இது புரியாமல் போனதுதான் வியப்பு. 2010-இல் வந்த திருத்தத்தில் பிளிஸார்ட் நிறுவனம் இறங்கி வந்தது. தொடக்கத்தில் வரும் ஒரு பணியை முடித்தால் அகாரா என்ற மூதாட்டி புள்ளிகளைத் திருப்பித் தருவாள். சுற்றுக்கு ஒரு முறை. பத்தாண்டுகளுக்குப் பின் கிடைத்த பாவமன்னிப்பு.

அதற்காக மறுமுனைக்குப் போய்விட வேண்டுமா? போய்ப் பார்த்தார்கள். 2012-இல் வந்த ‘டியாப்லோ 3’ திறன்புள்ளி என்பதையே எடுத்துவிட்டது. படிநிலை உயர உயர எல்லாத் திறன்களும் தாமாகத் திறக்கும்; எதை வேண்டுமானாலும் மாற்றிக்கொள்ளலாம், செலவில்லை. விளைவு, உச்சப் படிநிலை எட்டிய இரண்டு போர்வீரர்களுக்கு இடையில் அணிந்த கவசமும் ஏந்திய ஆயுதமும்தான் வேறுபாடு. அந்த வீரனுக்குக் கடந்தகாலம் என்று ஒன்றில்லை. என் மனத்தில் அவன் பாத்திரமாக நிற்கவில்லை.

ஆகவே, மாற்றலாமா கூடாதா என்பதைவிட, மாற்றத்துக்கு என்ன விலை என்பதுதான் பேச வேண்டிய விஷயம் என்று எனக்குப் படுகிறது. 2004-இல் வந்த ‘வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட்’ பொற்காசை விலையாக வைத்தது. முதல் முறை 1 காசு, அடுத்து 5, பிறகு ஐந்தைந்தாக உயர்ந்து 50 வரை. இது வணிகனின் தீர்வு. காசுள்ளவனுக்கு அது விலையே இல்லை. 2022-இல் வந்த ‘எல்டன் ரிங்’ இன்னும் நுட்பமானது. அங்கே ஒரு கல்விக்கழகத்தின் பெருநூலகத்தில் ரென்னாலா என்ற அரசி, ஓர் அம்பர் முட்டையை மடியில் அணைத்தபடி, மனம் கலங்கி அமர்ந்திருக்கிறாள். அவளை வென்ற பிறகு, அரிதாகவே கிடைக்கும் ஒரு பொருளைக் கொடுத்தால் நம்மை மறுபடி பிறப்பிப்பாள். மறுபிறப்பு எளிதன்று என்பதற்குச் சாட்சியாக, அவளால் திரும்பத் திரும்பப் பிறப்பிக்கப்பட்டு முழுமை பெறாத பிள்ளைகள் அந்தக் கூடத்தில் தவழ்ந்துகொண்டிருக்கிறார்கள். இரண்டு விளையாட்டுகளிலும் இது நூலகத்தில் நிகழ்வது தற்செயலாகவே இருக்கட்டும். மாறுவதற்கு மனிதர்கள் வேறெங்கே போவார்கள்?

எனினும் எனக்கு மிகவும் உகந்தது ஸ்கைரிமின் விலைதான். அந்த உலகில் டிராகனின் ஆன்மாவுக்கு ஏற்கெனவே ஒரு பயன் உண்டு. ஆற்றல் மிக்க தொன்மொழியின் ஒரு சொல்லை வசப்படுத்த ஓர் ஆன்மா செலவாகும். கலைப்பதற்கும் அதே ஓர் ஆன்மாதான். கற்பதற்கும் கற்றதைக் கலைப்பதற்கும் ஒரே நாணயம். ஒன்றைக் கைவிடுவதும் ஒன்றைக் கற்பதற்கு நிகரான உழைப்பு என்று இதைவிடச் சுருக்கமாகச் சொல்ல முடியுமா?

இதில் இன்னொன்றும் கவனிக்கத்தக்கது. ஸ்கைரிமில் இரண்டு விதமாகக் கலைக்கலாம். 2013-இல் வந்த திருத்தத்தின்படி, நூறை எட்டிய திறனைப் பழங்கதையாக்கிவிட்டுப் புள்ளிகளைத் திரும்பப் பெறலாம். ஆனால் அந்தத் திறன் 15-க்குச் சரிந்துவிடும். நூறு பாகத்துக்கு வில் பயின்றவன் மறுபடி குறி தவறும் கற்றுக்குட்டியாகிறான். கருப்பு நூலின் வழி அப்படிப்பட்டதன்று. புள்ளிகள் திரும்பி வரும்; திறனின் அளவு குறையாது. விண்மீன்கள் அணையும், பழகிய கை பழகிய கையாகவே இருக்கும்.

எதிர்ப்பவர்களின் வலுவான வாதத்துக்கும் இங்கேதான் விடை கிடைக்கிறது. எல்லாவற்றையும் கலைக்க முடிந்தால் எதற்கும் பொருளில்லாமல் போகும் என்பார்கள். ஆனால் எல்லாம் கலைவதில்லையே! அந்த நாட்டின் உள்நாட்டுப் போரில் பேரரசின் பக்கம் நின்றாயா, கிளர்ச்சியாளர் பக்கம் நின்றாயா என்பதைக் கருப்பு நூல் மாற்றாது. கொன்றவர்கள் எழுந்து வருவதில்லை. மாறுவது கருவி, செய்த வினை அப்படியே நிற்கிறது. ஊழுக்கு ஓர் அதிகாரம் வைத்த வள்ளுவரே ஆள்வினையுடைமைக்கும் ஓர் அதிகாரம் வைத்தார். இரண்டும் ஒரே நூலில் இருப்பதை முரண் என்று வகுப்பில் விளக்கி வந்திருக்கிறேன். இனி அப்படி விளக்கமாட்டேன்.

கதை நடக்கும்போது இந்த வசதி வேண்டாம் என்பதே இன்றும் என் கருத்து. அறியாமையில் செய்த தேர்வோடு தட்டுத்தடுமாறி வாழ்வதுதான் கதை. கதை முடிந்தபின்னோ அதே தேர்வைக் கட்டிக்கொண்டிருப்பது பழக்கமே தவிர உறுதி அன்று. வெல்வதற்கு எவருமில்லாத உலகில் ஒருவன் புதிதாக ஒரு மந்திரம் பழகுகிறான் என்றால் அது ஆசையால் மட்டுமே. ஆசையால் மட்டும் கற்கும் மனிதனை இலக்கிய வாசகர்கள் ஏளனம் செய்ய மாட்டார்கள் என்று நம்புகிறேன்.

இவ்வளவு தூரம் ஏன் யோசித்தேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். சில ஆண்டுகளுக்கு முன், இளங்கலைத் தமிழ் இரண்டாமாண்டு முடித்த மாணவி ஒருத்தி மாற்றுச் சான்றிதழ் கேட்டு வந்தாள். செவிலியர் படிப்பில் சேர விரும்பினாள். நன்றாகப் படிக்கிற பெண். “ரெண்டு வருஷம் வீணாப்போயிடுமேம்மா” என்று நான்தான் தடுத்தேன். என் சொல்லை மதித்து இருந்தாள், பட்டம் பெற்றாள், இப்போது வேறு ஏதோ வேலையில் இருக்கிறாள். சந்தித்தால் வணங்குகிறாள். அந்த வணக்கம் என்னை உறுத்துகிறது. அவள் புள்ளிகளைத்தான் திரும்பக் கேட்டாள். அந்த இரண்டாண்டில் படித்தது அவளிடமேதான் இருந்திருக்கும்; அது 15-க்குச் சரிந்திருக்காது. வாழ்க்கையில் அதற்கு விலை டிராகன் ஆன்மா இல்லைதான். கல்விக் கட்டணம், வயது வரம்பு, வீட்டாரின் பொறுமை. அந்த விலையைக் கொடுக்க அவள் தயாராகத்தான் வந்திருந்தாள். கணக்குப் பார்த்தவன் நான்.

மகள் கடைசியில் வில்வித்தையை மட்டும் கலைத்தாள். அந்தப் புள்ளிகளை மந்திரத்தில் இட்டாள். பதுங்கிச் செல்லும் திறனைத் தொடவில்லை. ஏன் என்று கேட்டேன்.

“அதையும் எடுத்துட்டா அது யாரோப்பா” என்றாள்.

கல்லூரி விண்ணப்பத்தில் எந்தப் பாடத்தை முதலில் எழுதுவது என்று மறுநாள் கேட்டாள். அவள் விருப்பப்படியே எழுதச் சொன்னேன். பிறகு மாற்றிக்கொள்ள நேர்ந்தாலும் என்னிடம் வந்து சொல்லத் தயங்க வேண்டாம் என்பதையும் சேர்த்துச் சொன்னேன்.